வாயிலும் தொலைபேசியும்: கொழும்புத் தமிழரின் தொடர்பும் நினைவும் பற்றிய ஒரு நோக்கு

தொடர்புச் சாதனங்களைப் பற்றி எழுதுவோர் பெரும்பாலும் கருவியின் வளர்ச்சியையே வரலாறாகக் கொள்வர். தந்தி வந்தது, தொலைபேசி வந்தது, கைத்தொலைபேசி வந்தது என ஆண்டுகளை வரிசைப்படுத்திவிட்டு, மனித உறவுகளும் அவ்வரிசையிலேயே நெருக்கம் பெற்றன என்று முடிவு செய்வர். கருவியின் வரலாற்றையும் உறவின் வரலாற்றையும் இவ்வாறு ஒன்றாகக் கொள்வது பொருந்தாது என்பதைக் கொழும்பின் வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை ஆகிய பகுதிகளில் வாழ்ந்த தமிழ் மக்களின் அனுபவம் தெளிவாகக் காட்டுகின்றது. அங்கு தொலைபேசி நெடுங்காலம் பலருக்காக ஒருவர் வைத்திருந்த பொருளாகவே விளங்கிற்று. அழைப்பை ஏற்றவர், ஆளை அழைத்து வந்தவர், செய்தியைச் சுமந்து சென்றவர், அதனை நினைவில் வைத்திருந்தவர் எனப் பேசுவோர்க்கும் கேட்போர்க்கும் இடையே பலர் நின்றனர். இவ்விடையாளரின் பணி யாது, அவர் எக்காரணங்களால் மறைந்தார், அவரது மறைவோடு நினைவுக்கு நேர்ந்தது என்ன என்னும் மூன்று வினாக்களையும் இக்கட்டுரையில் நாம் ஆராய முற்படுகின்றோம்.

1. வாயில் என்னும் கருத்து

இடையாளரின்றித் தொடர்பு இல்லை என்பது தமிழ் மரபு நன்கறிந்த உண்மையாகும். தொல்காப்பியக் கற்பியல், தலைவனுக்கும் தலைவிக்கும் இடையே நின்று உரையாடற்குரியோராகப் பன்னிருவரைக் கூறி, அவர்களை ‘வாயில்கள்’ எனப் பெயரிடுகின்றது. தோழி, தாய், பாங்கன், பாணன், விறலியர், கண்டோர் முதலியோர் இப்பன்னிருவருள் அடங்குவர். வாயில் என்ற சொல்லின் பொருட்பொருத்தம் ஈண்டு நோக்கற்பாலது. வாயில் திறந்தும் இருக்கலாம், அடைக்கப்பட்டும் இருக்கலாம். ‘வாயில் மறுத்தல்’ எனத் தனியொரு துறையே அகப்பாடல்களில் வகுக்கப்பட்டுள்ளது. எனவே இடையே நிற்பவர் செய்தியைக் கடத்தும் குழாய் போன்றவரல்லர். கேட்பவர், தேர்பவர், சில வேளைகளில் தடுப்பவர் என்ற நிலைகளும் அவருக்கு உண்டு.

புறத்திணையிலும் இக்கருத்துக்குச் சான்று உண்டு. பாண்டிநாட்டுப் பிசிராந்தையாரும் உறையூர் ஆண்ட கோப்பெருஞ்சோழனும் ஒருவரையொருவர் காணாமலே நட்புக் கொண்டனர் என்பதும், பிசிராந்தையார் அன்னச்சேவலை விளித்துச் சோழனிடம் தம் பெயரைச் சொல்லுமாறு பாடினார் என்பதும் புறநானூற்றால் அறியப்படுவன. பிற்காலத்தில் தூது தனியொரு சிற்றிலக்கிய வகையாக வளர்ந்தது. அன்னம், மேகம், கிளி, நெஞ்சு, இறுதியில் தமிழ் மொழிதானும் தூது சென்றன. தூது நூல்களில் செய்தியைக் காட்டிலும் தூதின் பெருமையே விரித்துரைக்கப்படுவதை அவற்றைக் கற்றோர் அறிவர். செய்தியைச் சுமப்பவரே செய்தியின் மதிப்பை நிர்ணயிக்கின்றார் என்னும் உணர்வு அம்மரபின் அடியில் உள்ளது எனலாம்.

2. கருவியும் குரலும்

அலெக்சாந்தர் கிரகாம் பெல் 1876ஆம் ஆண்டு மார்ச் மாதம் 7ஆந் திகதி தொலைபேசிக்குரிய காப்புரிமையைப் பெற்று, மூன்று நாட்களின் பின்னர் தம் உதவியாளர் வாட்சனோடு அக்கருவி வழியே பேசினார். இலங்கையில் அதற்கு முன்பே, 1858ஆம் ஆண்டில், கொழும்புக்கும் காலிக்கும் இடையே தந்திக் கம்பி இடப்பட்டிருந்தது. தந்தி அனுப்புவோர் தம் சொற்களைக் குறிகளாக மாற்றவல்ல ஒருவரை நாட வேண்டும். பெறுவோர்க்கும் அக்குறிகளைச் சொற்களாக்கித் தர ஒருவர் வேண்டும். தொலைபேசி இவ்விருவரையும் நீக்கியது. ஆயினும் இணைப்பகத்தில் அமர்ந்து கம்பிகளைப் பொருத்தும் ஊழியரை அது உடனே நீக்கவில்லை. அமெரிக்காவில் ஈமச்சடங்கு நடத்துந் தொழில் புரிந்த அல்மன் ஸ்ட்ரௌஜர் என்பவர், இணைப்பக ஊழியர் தமக்கு வரும் அழைப்புகளைப் போட்டியாளருக்குத் திருப்பிவிடுகின்றார் என ஐயுற்று, ஊழியரில்லாத் தன்னியக்க இணைப்பகத்தைக் கண்டுபிடித்தார் என்று கூறுவர். அதற்கு அவர் 1891இல் காப்புரிமை பெற்றார். வாயிலின் மேற்கொண்ட ஐயமே வாயிலை அகற்றும் பொறிக்குக் காரணமாயிற்று என்பது சிந்திக்கத்தக்கது.

தொலைபேசி கடத்தும் குரல் முழுக்குரல் அன்று என்பதையும் இங்குக் குறிப்பிடல் வேண்டும். வழமையான தொலைபேசிக் கம்பி செக்கனுக்கு ஏறத்தாழ 300 முதல் 3,400 வரையான அதிர்வுகளையே கொண்டு செல்லும். ஆடவர் குரலின் அடிப்படை அதிர்வு பெரும்பாலும் செக்கனுக்கு 100க்கும் 150க்கும் இடைப்பட்டது. அது கம்பியில் செல்வதேயில்லை. எனினும் எஞ்சிய மேலதிர்வுகளின் ஒழுங்கைக் கொண்டு மூளை அந்த அடிச்சுரத்தைத் தானே ஊகித்துக்கொள்கின்றது. ‘அப்பாவின் குரல்’ என மகன் அறிந்துகொள்வது, வந்து சேராத ஒன்றைத் தன் செவி கட்டியமைத்துக்கொண்ட பின்னரேயாகும்.

செய்மதி வழிப்பட்ட அழைப்புகளில் மேலும் ஒரு தடை இருந்தது. 1970களின் நடுப்பகுதியில் பாதுக்கையில் செய்மதித் தரைநிலையம் அமைக்கப்பட்டபின் இலங்கையின் வெளிநாட்டு அழைப்புகள் அவ்வழியே செல்லலாயின. செய்மதி நிலநடுக்கோட்டின் மேல் ஏறக்குறைய 36,000 கிலோமீற்றர் உயரத்தில் நிற்பதால், குரல் மேலே சென்று கீழிறங்க ஏறத்தாழக் கால் செக்கன் ஆகும்; மறுமொழி வந்துசேர மற்றொரு கால் செக்கன். இவ்வரைச் செக்கனை மௌனமென எண்ணி இருபுறத்தாரும் ஒரே வேளையில் பேசத் தொடங்குவர். பின்னர் ஒரே வேளையில் நிறுத்துவர். “கேட்குதா? கேட்குதா?” என்னும் வினா ஒரு காலத்து அழைப்புகளிற் பெரும்பகுதியைக் கவர்ந்துகொண்டமைக்கு இத்தொழில்நுட்பமும் ஒரு காரணமாகும்.

3. வெள்ளவத்தையும் கொட்டாஞ்சேனையும்

கொழும்பு 6 என அஞ்சற்றுறை குறிக்கும் வெள்ளவத்தையும் கொழும்பு 13 எனக் குறிக்கும் கொட்டாஞ்சேனையும் தமிழர் செறிந்து வாழும் பகுதிகளாயினும், சமூக அமைப்பில் வேறுபட்டவை. ஆங்கிலக் கல்வி கற்று அரசாங்க உத்தியோகம் பெற்று வந்த வடபகுதியினர் பலர், காலி வீதிக்கும் கடலோரப் புகையிரதப் பாதைக்கும் இடைப்பட்ட வெள்ளவத்தை ஒழுங்கைகளிற் குடியமர்ந்தனர். இராமகிருஷ்ண மிஷன், சைவ மங்கையர் கழகம், 1942இல் நிறுவப்பட்ட கொழும்புத் தமிழ்ச் சங்கம் ஆகியன அப்பகுதியின் பண்பாட்டு வாழ்வைப் புலப்படுத்துவன. கொட்டாஞ்சேனையோ துறைமுகத்தையும் செட்டியார் தெருவையும் அண்டி வளர்ந்தது. வணிகர், தொழிலாளர், கத்தோலிக்கர், மலையகத்திலிருந்து வேலை தேடி வந்தோர் எனப் பலதரப்பட்டோர் அங்கு வாழ்ந்தனர். பொன்னம்பலவாணேசுவரர் கோயிலும் புனித லூசியாள் பேராலயமும் ஒன்றற்கொன்று அண்மையில் அமைந்திருத்தல் இக்கலப்புக்குச் சான்றாகும்.

இவ்விரு பகுதிகளிலும் தொலைபேசி அருமையாகவே இருந்தது. 1980களின் இறுதிவரை இலங்கையில் நூறு பேருக்கு ஓர் இணைப்புத்தானும் இருக்கவில்லை. விண்ணப்பித்தோர் பல ஆண்டுகள் காத்திருந்தனர். மருத்துவர், சட்டத்தரணி, உயர் உத்தியோகத்தர், பெருவணிகர் ஆகியோரே பெரும்பாலும் இணைப்புப் பெற்றிருந்தனர். ஆகவே ஓர் ஒழுங்கை முழுவதற்கும் ஒரு தொலைபேசி, ஒரு தெருவுக்கு ஒரு கடைத் தொலைபேசி என்னும் நிலை உருவாயிற்று. பிறர் வீட்டு எண்ணைத் தம் எண்ணாகக் கடிதத்திற் குறித்து அனுப்புதல் வழக்கமாயிருந்தது. அழைப்பு வந்ததும் அவ்வீட்டுச் சிறுவன் ஓடிச் சென்று உரியவரை அழைத்து வருவான். முன் விறாந்தையிலோ மண்டபத்திலோ வைக்கப்பட்டிருந்த கருவியில் உரத்த குரலிற் பேசப்பட்டவை வீட்டார் அனைவர் செவியிலும் விழுந்தன. ஆள் இல்லாவிடத்துச் செய்தியைக் குறித்துக்கொள்ளக் கருவியின் அருகே கொப்பியும் பென்சிலும் இருந்தன. தொலைதூர அழைப்பு மூன்று நிமிட அலகுகளிற் கணிக்கப்பட்டமையால், சொல்ல வேண்டியவற்றை முன்கூட்டியே தாளில் எழுதி வைத்துக்கொண்டு பேசுவோரும் இருந்தனர்.

இவ்வேற்பாட்டை நாம் பழமையின் இனிமை எனப் போற்றிவிடலாகாது. தொலைபேசியை வைத்திருந்தோர்க்கு அதனால் அதிகாரமும் கிடைத்தது. யாரை அழைத்துவருவது, யாருக்கு ‘ஆள் இல்லை’ எனக் கூறுவது, யாரை முற்றத்தில் நிறுத்துவது என்பன வர்க்கத்தாலும் சாதியாலும் தீர்மானிக்கப்பட்ட நிலைமைகள் இருந்தன. வாடகை அறையில் வாழ்ந்த எழுதுவினைஞருக்குக் கிட்டிய உரிமை, கடைச் சிப்பந்திக்கோ வீட்டுவேலை செய்த மலையகப் பெண்ணுக்கோ கிட்டவில்லை. இளம்பெண்ணொருத்திக்கு வந்த அழைப்பு ஒழுங்கை முழுவதற்கும் செய்தியாயிற்று. வாயில் மறுத்தல் இலக்கியத்தில் மட்டும் நிகழ்வதன்று.

1983ஆம் ஆண்டு யூலை 24ஆந் திகதி இரவு தொடங்கிய வன்செயல்களின்போது வெள்ளவத்தையிலும் கொட்டாஞ்சேனையிலும் தமிழர் வீடுகளும் கடைகளும் எரிக்கப்பட்டன. வீடு எரிந்தபோது அதனோடு ஒரு சுற்றத்தின் தொடர்பு முகவரியும் எரிந்தது. பம்பலப்பிட்டி இந்துக் கல்லூரியிலும் இரத்மலானை விமானத்தளத்திலும் அமைந்த முகாம்களில் மக்கள் தஞ்சமடைந்தனர். அங்கிருந்து பலர் கப்பலிற் காங்கேசன்துறைக்கு அனுப்பப்பட்டனர். வெளிநாடுகளிலிருந்த உறவினர் கையில் எண் இருந்தது. அதை ஏற்க வீடு இருக்கவில்லை. அவ்வேளையில் எரியாது எஞ்சிய சில வீடுகளின் தொலைபேசிகளே ‘இன்னார் இன்ன முகாமில் உளர்’ என்ற செய்தியைத் தொகுத்து வழங்கும் நிலையங்களாயின.

4. அறுபட்ட கம்பியும் நீண்ட வாயிலும்

1990ஆம் ஆண்டு யூன் மாதத்திற் போர் மீண்டும் மூண்டதையடுத்து யாழ்ப்பாணக் குடாநாட்டின் மின்சாரமும் தொலைபேசித் தொடர்பும் அற்றுப்போயின. 1983இன் பின்னர் கனடா, பிரித்தானியா, பிரான்சு, சுவிற்சர்லாந்து, ஜேர்மனி, நோர்வே முதலிய நாடுகளுக்குப் பெருந்தொகையானோர் சென்றுவிட்டிருந்தனர். ஒரே குடும்பத்தின் ஒரு பாதி உலகின் வளர்ச்சியடைந்த தொலைபேசி வலையமைப்புக்குள்ளும், மறுபாதி கம்பியே இல்லாத நிலத்திலும் வாழ நேர்ந்தது. இரு பாதிகளும் சந்திக்கக்கூடிய இடம் கொழும்பு ஒன்றே. தொல்காப்பியம் கூறிய வாயில் என்னும் பணியை ஒரு நகரின் இரு பகுதிகள் மேற்கொண்டன என நாம் கூறுவது இதனாலேயே.

அப்பணி நடைபெற்ற முறையைச் சற்று விரிவாக நோக்குதல் தகும். பாரிசிலோ ரொறன்ரோவிலோ உள்ள மகன், வெள்ளவத்தையிலுள்ள உறவினருக்குத் தொலைபேசியில் நாளும் நேரமும் குறிப்பிடுவான். உறவினர் அதனைக் கடிதமாக எழுதி, யாழ்ப்பாணம் செல்வோர் கையிற் கொடுத்தனுப்புவார். கடிதம் கிடைத்ததும் தாயோ தந்தையோ பயணம் புறப்படுவர். ஆனையிறவுப் பாதை மூடப்பட்டிருந்த காலத்திற் கிளாலிக் கடனீரேரியை இரவிற் படகில் கடக்க வேண்டியிருந்தது. அக்கடப்பில் உயிரிழந்தோர் பலர். இரு தரப்பாரின் அனுமதிகளையும் பெற்று வவுனியாவை அடைந்து, அங்குக் காத்திருந்து, கொழும்பு வந்து, பொலிசிற் பதிவு செய்து, லொட்ஜ் ஒன்றில் அறை எடுத்துத் தங்குவர். சில நிமிடப் பேச்சுக்காக இரு வாரப் பயணம் மேற்கொண்டோர் உண்டு. நோயாளியைக் காட்டுதல், கடவுச்சீட்டு எடுத்தல், மகளை வெளிநாட்டு மணமகனிடம் அனுப்பி வைத்தல் ஆகிய தேவைகளும் அப்பயணத்தோடு இணைந்திருந்தன.

காலி வீதியிலும் ஜம்பட்டா வீதியிலும் அவற்றை அடுத்த தெருக்களிலும், மக்கள் வழக்கில் ‘கொமினிக்கேசன்’ எனப்பட்ட தொடர்பு நிலையங்கள் பெருகின. பலகையாலும் கண்ணாடியாலும் அடைக்கப்பட்ட சிறு கூடுகள், ஒவ்வொரு கூட்டிலும் ஒரு கருவி, முகப்பில் நிமிடக் கட்டணம் எழுதிய பலகை, நேரங்காட்டும் மானி, காத்திருப்போர்க்கு ஒரு வாங்கு என்பனவே அவற்றின் அமைப்பு. வெளிநாட்டுக்கு அழைப்பது செலவு மிக்கதாதலின், அங்கிருந்து வரும் அழைப்பை ஏற்பதற்கே பெரும்பாலோர் வந்தனர். அதற்கும் நிமிடக் கணக்கிற் கட்டணம் பெறப்பட்டது. அழைப்பு வந்ததும் ஊழியர் பெயரையும் ஊரையும் உரக்கக் கூறி அழைப்பார். உண்டியல் எனப்பட்ட பணமாற்றும் இத்தொலைபேசிகளின் வழியே நடைபெற்றது. அங்கிருந்து பெயரும் தொகையும் சொல்லப்படும். இங்கிருந்து ஆள் மூலம் யாழ்ப்பாணத்துக்குச் செய்தி செல்லும். அங்குப் பணம் கொடுக்கப்படும். மரணச் செய்தியும் அவ்வழியே சென்றது. எத்தனையோ இறப்புகளை உற்றாருக்கு முதலில் உரைக்க நேர்ந்தோர் இந்நிலையங்களின் ஊழியரும் உறவினர் வீட்டாருமே ஆவர்.

நேரத்திலும் ஒரு சிக்கல் எழுந்தது. 1996ஆம் ஆண்டு மே மாதத்தில் அரசாங்கம் இலங்கையின் நேரத்தை ஒரு மணித்தியாலம் முன்னே நகர்த்தியது. அவ்வாண்டு ஒக்ரோபரில் அரை மணித்தியாலம் பின்னே நகர்த்தியது. 2006 ஏப்ரலிலேயே பழைய நேரம் மீண்டது. விடுதலைப் புலிகளின் கட்டுப்பாட்டிலிருந்த பகுதிகள் இம்மாற்றத்தை ஏற்காது பழைய நேரத்தையே பின்பற்றின. ஆகவே நேரம் குறிப்பிடும் கடிதங்களிற் ‘பழைய நேரம்’, ‘புதிய நேரம்’ என்னும் சொற்கள் இடம்பெறலாயின. ஒரு தீவினுள் இரு மணிகள் ஓடிய அக்காலத்தைக் கணக்கிட்டு, கடல் கடந்த மூன்றாம் மணியோடு பொருத்தியவரும் கொழும்பிலிருந்த இடையாளரே.

வாயிலாக நின்ற இடம் பாதுகாப்பான இடமாக இருக்கவில்லை. 2007ஆம் ஆண்டு யூன் மாதம் 7ஆந் திகதி அதிகாலையில், கொழும்பிலுள்ள லொட்ஜுகளிற் தங்கியிருந்த 376 தமிழர்கள் பொலிசாரால் பேருந்துகளில் ஏற்றப்பட்டு வவுனியாவுக்கும் கிழக்குக்கும் அனுப்பப்பட்டனர். வெள்ளவத்தை, கொட்டாஞ்சேனை லொட்ஜுகளும் இந்நடவடிக்கைக்கு உட்பட்டன. மறுநாளே உயர் நீதிமன்றம் அதனைத் தடைசெய்து இடைக்கால உத்தரவு பிறப்பித்தது. பின்னர் பிரதமர் இரத்தினசிறி விக்கிரமநாயக்க அரசின் சார்பில் வருத்தம் தெரிவித்தார். காரணமின்றிக் கொழும்பிற் தங்கியிருப்போர் என அதிகாரிகளாற் கருதப்பட்டோரில், விசாவுக்காகவும் மருத்துவத்துக்காகவும் வெளிநாட்டு அழைப்புக்காகவும் காத்திருந்தோர் இருந்தனர். காத்திருத்தலே அவர்தம் காரணமாயிருந்தது.

5. நினைவின் இருப்பிடம்

இவ்வழைப்புகள் எவ்வாறு நினைவிலே தங்கின என்பது அடுத்து ஆராய வேண்டியதாகும். கடிதம் எஞ்சும், அதனை மீண்டும் எடுத்துப் படிக்கலாம். செஞ்சிலுவைச் சங்கத்தின் வழி அனுப்பப்பட்ட குடும்பச் செய்தித் தாள்களும், பேச்சைப் பதிவு செய்து வெளிநாட்டுக்கு அனுப்பிய ஒலிநாடாக்களும் பல வீடுகளில் இன்றும் உள்ளன. தொலைபேசி அழைப்போ கருவியை வைத்ததும் மறைந்துவிடுகின்றது. ஆயினும் அக்காலத்து அழைப்புகளை முப்பது ஆண்டுகளின் பின்னரும் சொல்லுக்குச் சொல் நினைவுகூர்வோரை நாம் காண்கின்றோம்.

இதற்கு அழைப்பின் அருமை ஒரு காரணம். அதனினும் முக்கியமான காரணம், அவ்வழைப்பு மீண்டும் மீண்டும் கூறப்பட்டமையாகும். தாய் கொழும்பிற் கேட்டதைத் திரும்பும் வழியில் வவுனியாவிற் கூறினாள், ஊரில் கணவனுக்குக் கூறினாள், அயலாருக்குக் கூறினாள். ஒவ்வொரு முறையும் அழைப்பு மீண்டும் நிகழ்ந்தது. உறவினர் வீட்டார் தாம் கேட்டதைத் தம் பங்குக்குக் கூறினர். பேசியவர் மறந்த சொல்லை அருகே நின்று கேட்டவர் எடுத்துத் தந்தார். அழைப்பின் நினைவு பலரிடம் பகிர்ந்து வைக்கப்பட்டிருந்தது.

அமெரிக்க உளவியலாளர் டானியல் வெக்னர் 1985இல் இத்தகைய நிலையை ஒரு கோட்பாடாக விளக்கினார். நெருங்கி வாழ்வோர் ஒவ்வொருவரும் எல்லாவற்றையும் நினைவில் வைப்பதில்லை. எது யாரிடம் உள்ளது என்பதையே நினைவில் வைக்கின்றனர். பிறந்த நாட்கள் மனைவியிடமும் கொடுக்கல் வாங்கல் கணவனிடமும் இருக்கலாம். இருவரும் சேர்ந்தே ஒரு முழு நினைவு ஆவர். 2011இல் பெற்சி ஸ்பாரோ, ஜெனி லியு ஆகியோருடன் அவர் வெளியிட்ட ஆய்வு, கணினியில் பின்னர் கிடைக்கும் எனக் கருதும் செய்தியை மனிதர் குறைவாகவே நினைவிற் கொள்கின்றனர் என்றும், அது எங்கே சேமிக்கப்பட்டுள்ளது என்பதையே கூடுதலாக நினைவிற் கொள்கின்றனர் என்றும் காட்டிற்று. மனிதரிடம் வைத்த நம்பிக்கை பொறிக்கு மாறியது என இதனைச் சுருங்கக் கூறலாம்.

தொலைபேசி எண்கள் இதற்குத் தக்க எடுத்துக்காட்டாகும். உடனடி நினைவு ஏறத்தாழ ஏழு அலகுகளைக் கொள்ளும் என ஜோர்ஜ் மில்லர் 1956இல் எடுத்துக்காட்டினார். 1990களிற் கொழும்பு எண்கள் ஆறு இலக்கங்கள் கொண்டவை, அவ்வெல்லைக்குள் அடங்குவன. உறவினர், வைத்தியர், கடை, கோயில் என இருபது எண்களை மனத்தில் வைத்திருந்தோர் பலர். இன்று இலங்கை எண் பத்து இலக்கம் கொண்டது. கைத்தொலைபேசி அதனைத் தானே வைத்துக்கொள்கின்றது. தம் பிள்ளையின் எண்ணைக் கூற இயலாதோர், முப்பது ஆண்டுகளுக்கு முற்பட்ட வெள்ளவத்தை வீட்டெண்ணைத் தடையின்றிக் கூறுவர்.

6. இடத்திலிருந்து ஆளுக்கு

இலங்கையிற் கைத்தொலைபேசிச் சேவை 1989இல் அறிமுகமாயிற்று. 1991ஆம் ஆண்டின் 25ஆம் இலக்கச் சட்டம் தொலைத்தொடர்புத் துறையைத் திணைக்களத்திலிருந்து மாற்றியமைத்தது. 1996இலிருந்து கம்பியில்லா வீட்டுத் தொலைபேசிகளும் பரவின. வடக்கில் 2002 பெப்ரவரிப் போர்நிறுத்த உடன்படிக்கையின் பின்னரே கைத்தொலைபேசி பெருகியது. 2006 ஓகஸ்ற் மாதத்தில் ஏ9 பாதை மூடப்பட்டு மீண்டும் இடர் சூழ்ந்தபோதிலும், 2009இற் போர் முடிந்த பின்னர் ஊரிலுள்ள முதியவரின் கையிலேயே தொலைபேசி வந்து சேர்ந்தது. இணைய வழி அழைப்பும் வட்ஸ்அப்பும் கட்டணத்தை ஏறத்தாழ இல்லாமலாக்கின. ரொறன்ரோவிலிருந்து பருத்தித்துறைக்கு இன்று முகம் பார்த்துப் பேசலாம். கொழும்பு இடையே தேவையில்லை. தொடர்பு நிலையங்கள் நிழற்பிரதிக் கடைகளாகவும் கைத்தொலைபேசி திருத்தும் நிலையங்களாகவும் மாறின, பல மூடப்பட்டன.

இம்மாற்றத்தை மக்களின் முதல் வினாவிலேயே காணலாம். முன்னர்க் கருவியை எடுத்ததும் “ஆர் கதைக்கிறது?” எனக் கேட்டனர், இடம் தெரிந்திருந்தது, ஆள் தெரியாது. இன்று “எங்கை நிக்கிறாய்?” எனக் கேட்கின்றனர், ஆள் தெரிந்திருக்கின்றது, இடம் தெரியாது. வீட்டுக்குப் பேசுதல் என்னும் வழக்கு ஒழிந்து ஆளுக்குப் பேசுதல் நிலைபெற்றுவிட்டது. முன்னர் மகனோடு பேச எண்ணிய பெரியம்மா, கருவியை எடுத்த மருமகளோடும் பேரப்பிள்ளையோடும் பேச நேர்ந்தது. அத்தற்செயலான பேச்சுகளால் உறவுகள் பேணப்பட்டன. இன்று அவற்றுக்கு இடமில்லை.

மாற்றத்தின் நன்மைகள் மறுக்க முடியாதவை. மலையகத்திலுள்ள தாயோடு பேசக் கொட்டாஞ்சேனைக் கடைச் சிப்பந்தி முதலாளியின் இசைவை வேண்டி நிற்பதில்லை. பெண்ணொருத்தி தன் அல்லலைப் பிறர் செவியிற் படாமற் கூற முடிகின்றது. கிளாலியை யாரும் கடக்க வேண்டியதில்லை. வாயில் அகன்றதால் அதன் அதிகாரமும் அகன்றது. எனினும் இடையாளர் நீங்கியபோது அவரிடமிருந்த நினைவும் நீங்கியது என்பதை நாம் கணக்கிற் கொள்ளல் வேண்டும். நாள்தோறும் நிகழும் அழைப்பை எவரும் எவருக்கும் மீளக் கூறுவதில்லை. கூறுவதற்கு அதிற் செய்தியும் இல்லை, கேட்பதற்குக் கேளாதோரும் இல்லை. குரற்பதிவுகளும் படங்களும் ஆயிரக்கணக்கிற் சேர்கின்றன. கருவி பழுதானதும் ஒருங்கே மறைகின்றன.

7. மறுமொழி இல்லாத எண்கள்

யப்பானின் ஒற்சுச்சி நகரில் இத்தாரு சசாகி என்பவர், இறந்துபோன தம் உறவினரோடு பேசுவதற்காக 2010இல் தம் தோட்டத்தில் ஒரு தொலைபேசிக் கூட்டை அமைத்தார். அதிலுள்ள கருவி எந்தக் கம்பியோடும் இணைக்கப்படவில்லை. 2011 மார்ச் 11இல் நிகழ்ந்த ஆழிப்பேரலையின் பின்னர், உற்றாரை இழந்த பல்லாயிரவர் அங்குச் சென்று பேசினர். ‘காற்றுத் தொலைபேசி’ என அது அழைக்கப்படுகின்றது.

நம்மிடையேயும் இதனையொத்த ஒன்று உண்டு. அதற்குத் தோட்டமோ கூடோ இல்லை. காணாமல் ஆக்கப்பட்டோரின் பெற்றோருட் சிலர் தம் பழைய எண்ணை மாற்றாது வைத்திருக்கின்றனர். அந்த எண் ஒன்றே பிள்ளைக்குத் தெரியும் என்பது அவர் கூறும் காரணம். வீடு மாறினும் எண் மாறாதிருக்கக் கட்டணம் செலுத்துகின்றனர். யப்பானியர் இறந்தோரெனத் தெரிந்தவரோடு பேசினர். இவர்களோ முடிவு தெரியாதவரின் அழைப்புக்குக் காத்திருக்கின்றனர். இவ்விரண்டிற்கும் உள்ள வேறுபாடு பெரிது. முன்னது துயராற்றும் வழி. பின்னது விடை கோரும் வினா. அதற்கு மறுமொழி கூறும் கடமை அரசுக்கும் சமூகத்துக்கும் உரியது.

மேற்கூறியவற்றால் நாம் அடையும் முடிவு யாதெனின், கொழும்புத் தமிழர் வாழ்வில் தொலைபேசி வழி நிகழ்ந்த தொடர்பின் வரலாறு, கருவியிலோ கட்டணப் பட்டியலிலோ இல்லை. இடையே நின்ற மனிதரின் நினைவில் உள்ளது என்பதாகும். அம்மனிதர் முதுமையடைந்துவிட்டனர்; பலர் இறந்துவிட்டனர். கடிதங்களையும் நூல்களையும் இதழ்களையும் எண்ணிமப்படுத்திப் பேணும் பணியை 2005 முதல் நூலகம் நிறுவனம் ஆற்றி வருகின்றது. அழைப்புகளுக்கு அத்தகைய தாள் இல்லையாதலின் வாய்மொழி வரலாறு ஒன்றே வழியாகும்.

இப்பணி பல்கலைக்கழக மாணவர்க்கு எட்டாததன்று. வெள்ளவத்தை ஒழுங்கைகளில் அக்காலத்தே தொலைபேசி வைத்திருந்த வீட்டார், காலி வீதியிலும் ஜம்பட்டா வீதியிலும் தொடர்பு நிலையம் நடத்தியோர், அங்கு ஊழியராக நின்றோர், லொட்ஜ் முகாமையாளர், அழைப்புக்காகப் பயணம் செய்த பெற்றோர், அழைத்த பிள்ளைகள் ஆகியோரை நாடிச் செல்லலாம். எந்த எண்ணுக்கு அழைப்பு வந்தது, யார் அழைத்துச் சென்றனர், எதைச் சொல்லாது மறைத்தனர், ஊர் திரும்பி யாருக்கு முதலிற் கூறினர் என்பன கேட்கப்பட வேண்டிய வினாக்கள். கருவியின் அருகே இருந்த கொப்பிகள் எங்கேனும் எஞ்சியிருப்பின், உரியோரின் இசைவு பெற்றுப் படியெடுத்தல் வேண்டும். கொடுத்த செய்தியைப் போலவே தடுத்த செய்தியையும் பதிவு செய்தல் வேண்டும். அன்றேல் அது வரலாறாகாது. ஒருவர் ஒரு விடுமுறையில் ஐவரைக் கண்டு பேசினும், பத்து மாணவரின் முயற்சியால் ஐம்பது பேரின் நினைவுகள் பேணப்படும். தொடங்குவதற்கு இவ்வாண்டே உரிய காலமாகும்.